ராபிட்ஷேர், மெகாஅப்லோட் சுட்டிகளில் இருந்த கோப்புகள் எங்கே போயின?

உங்கள் தந்தையாரின் பழைய கணினியில் ஓர் உரைக்கோப்பு கிடைத்ததாகவும், 2007 முதல் 2011 வரை அவர் சேர்த்த நாகஸ்வரக் கச்சேரிப் பதிவுகளுக்கான சுட்டிகள் (லிங்க்) முந்நூறுக்கு மேல் அதில் இருப்பதாகவும் எழுதியிருக்கிறீர்கள். ராபிட்ஷேர், மெகாஅப்லோட், ஸிப்பிஷேர் என்று பல கோப்புப் பகிர்வுத் தளங்களின் சுட்டிகள் இருந்தும் ஒன்றுகூடத் திறக்கவில்லை. அவற்றை மீட்க முடியுமா, இத்தனையையும் இலவசமாகக் கொடுத்த தளங்கள் எப்படிப் பிழைத்தன, பிறகு ஏன் மறைந்தன, அந்நாளில் உங்கள் தந்தையார் செய்தது குற்றமா என்று கேட்டிருக்கிறீர்கள். அந்தச் சுட்டிகளின் வழியாக எதையும் மீட்க முடியாது என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஆனால் பதிவுகளே அழிந்துவிட்டன என்று அதற்குப் பொருள் இல்லை. பல ஆண்டுகள் சர்வர் பராமரிப்பில் இருந்தவன் என்ற முறையில் இந்த இரண்டுக்கும் உள்ள வேறுபாட்டைச் சற்று விரிவாகவே விளக்க விரும்புகிறேன். ஏனெனில் அந்த வேறுபாடு புரிந்தால்தான் எங்கே தேட வேண்டும் என்பது விளங்கும்.

2000களின் தொடக்கத்தில் ஒரு பெரிய கோப்பை இன்னொருவருக்கு அனுப்புவது எளிதான செயலாக இருக்கவில்லை. மின்னஞ்சல் சில மெகாபைட்டுகளுக்கு மேல் ஏற்காது. சொந்தமாக ஓர் இணையதளம் வைத்திருந்தாலும், நூறு பேர் ஒரே கோப்பை இறக்கினால் மாத ஒதுக்கீடு முழுவதும் ஒரே நாளில் தீர்ந்துவிடும். இந்த இடைவெளியில்தான் 2002இல் ஜெர்மனியில் தொடங்கி, பிறகு சுவிட்சர்லாந்தின் காம் நகரிலிருந்து இயங்கிய ராபிட்ஷேர் வளர்ந்தது. கோப்பை ஏற்றினால் ஒரு சுட்டி கிடைக்கும். அந்தச் சுட்டியை யாரிடம் வேண்டுமானாலும் கொடுக்கலாம். எந்தக் கோப்பு எங்கே இருக்கிறது என்று காட்டும் பட்டியலோ தேடல் வசதியோ அந்தத் தளத்தில் கிடையாது. சுட்டிகளைத் தொகுத்து வைத்ததும், பதிவின் விவரத்தை எழுதியதும், எது நல்ல பதிப்பு என்று சொன்னதும் வேறு இடங்களில் இருந்த ஆர்வலர்கள்தான். தளம் கிடங்காக மட்டுமே இருந்தது. அந்தக் கிடங்கின் சாவிக்கொத்து ஊரெங்கும் சிதறிக் கிடந்தது.

அந்தக் காலத்தில் நம் ஊரில் இருந்து இறக்கியவர்களின் உழைப்பை இன்றைய தலைமுறை அறியாது. ராபிட்ஷேரில் ஒரு கோப்பு 100 மெகாபைட்டுக்கு மேல் இருக்கக்கூடாது என்பது நெடுநாள் விதியாக இருந்தது. ஆகவே ஒரு குறுந்தகடு அளவுள்ள தொகுப்பை கோப்புகளைச் சுருக்கிக் கட்டும் ஆர்ஏஆர் முறையில் ஏழு துண்டுகளாக வெட்டி ஏற்றுவார்கள். விநாடிக்கு 256 கிலோபிட் வேக இணைப்பில் ஒரு துண்டு இறங்கவே ஏறத்தாழ ஒரு மணி நேரம் ஆகும். ஒரு துண்டு முடிந்ததும் இலவசப் பயனர் காத்திருக்க வேண்டும். காத்திருந்தபின், இறக்குவது மனிதர்தானா என்று சோதிக்கும் கேப்சா எழுத்துகளை அடிக்க வேண்டும். இணைய இணைப்பை அடையாளம் காட்டும் எண்ணான ஐபி முகவரி ஒன்றிலிருந்து ஒரே நேரத்தில் இரண்டை இறக்க முடியாது. பிஎஸ்என்எல் அகண்ட அலைவரிசையில் மோடத்தை அணைத்துப் போட்டால் புதிய ஐபி முகவரி கிடைக்கும் என்பதைக் கண்டுபிடித்தவர்கள் அதையே ஒரு பழக்கமாக வைத்திருந்தார்கள். மாதம் 500 ரூபாய்த் திட்டத்தில் இரவு 2 மணி முதல் காலை 8 மணி வரை அளவுக் கட்டுப்பாடு இல்லை என்பதால், எத்தனையோ வீடுகளில் அந்த நேரத்துக்கு அலாரம் வைத்து எழுந்து பதிவிறக்கத்தைத் தொடங்கிவிட்டு மீண்டும் படுத்தார்கள். ஆறு துண்டுகள் இறங்கி நான்காவது மட்டும் நீக்கப்பட்டிருந்தால் ஏற்பட்ட ஏமாற்றத்தை, அனுபவித்தவர்களே அறிவார்கள். உங்கள் தந்தையார் முந்நூறு சுட்டிகளை ஒழுங்காகக் குறித்து வைத்திருக்கிறார் என்றால், அது சோம்பேறியின் வேலை அன்று.

இனி, இவை எப்படிப் பிழைத்தன என்ற கேள்விக்கு வருகிறேன். அந்தக் காத்திருப்பும் வேகக் குறைப்பும் தொழில்நுட்பத்தின் இயலாமையால் வந்தவை அல்ல; அவைதான் கடையின் முகப்பு. காத்திருக்க மனமில்லாதவர் சந்தா கட்டுவார் என்பதே வணிகத்தின் அடிப்படை. கிம் டாட்காம் 2005இல் ஹாங்காங்கைத் தளமாகக் கொண்டு தொடங்கிய மெகாஅப்லோட் இதை நன்றாகப் புரிந்துகொண்டிருந்தது. அதன் துணைத் தளமான மெகாவீடியோவில் சந்தா இல்லாதவர் 72 நிமிடம் பார்த்ததும் படம் நின்றுவிடும். முழுநீளத் திரைப்படம் எதுவும் பொதுவாக 72 நிமிடத்துக்குள் முடிவதில்லை. வீட்டில் எடுத்த பிறந்தநாள் காணொளிக்கு இந்த எல்லை ஒரு பொருட்டே அல்ல. ஆகவே அந்த எண் எந்த வகைப் பார்வையாளரை மனத்தில் வைத்துக் குறிக்கப்பட்டது என்பதில் எனக்கு ஐயம் இல்லை. அமெரிக்க அரசின் குற்றப்பத்திரிகைப்படி அந்நிறுவனத்துக்குச் சந்தாவாக 15 கோடி டாலருக்கு மேலும், விளம்பரத்தால் 2.5 கோடி டாலருக்கு மேலும் வருமானம் வந்தது. இலவசம் என்று நாம் நினைத்ததற்கு உலகின் வேறொரு மூலையில் ஒருவர் கடன் அட்டையால் பணம் கட்டிக்கொண்டிருந்தார்.

இந்தக் கதையில் அதிகம் பேசப்படாத பகுதி ஒன்று உண்டு. ஏற்றுபவருக்கும் பணம் கொடுக்கப்பட்டது. ஒரு கோப்பு எத்தனை முறை இறக்கப்படுகிறதோ அதற்கேற்பப் புள்ளிகளும், புள்ளிகளுக்கு இலவசச் சந்தாவும், பெரும் எண்ணிக்கையை எட்டினால் ரொக்கமும் கிடைத்தன. மெகாஅப்லோட் இத்தகைய வெகுமதித் திட்டத்தை 2005 முதல் 2011 வரை நடத்தியது. அதைப் பார்த்துத் தொடங்கிய பல தளங்கள் ஆயிரம் பதிவிறக்கத்துக்கு இவ்வளவு டாலர் என்று வெளிப்படையாகவே அறிவித்தன. பகிர்வுப் பண்பாடு என்று நாம் பெருமையாகச் சொன்னது இந்த இடத்தில் இரண்டாகப் பிரிந்தது என்று நான் கருதுகிறேன். ஒருவர் தன் மாமா வானொலியிலிருந்து ஒலிநாடாவில் பதிந்த கச்சேரியைச் செலவழித்து எண்ம வடிவமாக்கி, இருபது ரசிகர்களுக்காக ஏற்றினார். இன்னொருவர் அன்று வெளியான படத்தை ஐம்பதாயிரம் பேருக்காக ஏற்றிக் காசு பார்த்தார். இருவரும் ஒரே பொத்தானைத்தான் அழுத்தினார்கள். தளத்தின் கண்ணுக்கு வருமானம் தந்தவர் இரண்டாமவர். முதலாமவருடைய கோப்பு தளத்துக்குப் பாரமாகவே இருந்தது.

அந்தப் பாரத்தை அவர்கள் எப்படி இறக்கினார்கள் என்பதில்தான் உங்கள் கேள்விக்கான விடையின் பெரும்பகுதி இருக்கிறது. மெகாஅப்லோட்டில் பதிவு செய்யாத ஒருவர் ஏற்றிய கோப்பை 21 நாள்களுக்கு யாரும் இறக்கவில்லை என்றால் அது நீக்கப்படும். இலவசக் கணக்கு வைத்திருந்தவருக்கு இந்தக் கெடு 90 நாள். ஸிப்பிஷேரில் கடைசிப் பதிவிறக்கத்திலிருந்து 30 நாள். புதுப் படத்துக்கு இந்த விதியால் எந்தக் கேடும் இல்லை. நாள்தோறும் ஆயிரம் பேர் அதைத் தொட்டுக்கொண்டிருந்தார்கள். ஆண்டுக்கு நான்கு பேர் தேடி வரும் நாகஸ்வரப் பதிவுதான் இந்த விதிக்குப் பலியானது. ஆகவே உங்கள் தந்தையாரின் பட்டியலில் உள்ள சுட்டிகளில் பெரும்பாலானவை எந்த வழக்குக்கும் சோதனைக்கும் முன்பே, யாரும் கவனிக்காமல், கெடு முடிந்து செத்திருக்கும் என்பதே என் கணிப்பு. மெகாஅப்லோட்டில் பதிவு செய்திருந்த 6.66 கோடிப் பயனர்களில் 58.6 இலட்சம் பேர் மட்டுமே ஒரு கோப்பையாவது ஏற்றியிருந்தார்கள் என்று அமெரிக்க அரசுத் தரப்பு கூறியது. பத்தில் ஒன்பது பேருக்கு மேல் எடுத்துச் செல்ல மட்டுமே வந்தார்கள். தம் பொருளை நெடுங்காலம் வைத்துக்கொள்ள அங்கே வந்தவர் மிகச் சிலரே. தளத்தின் அமைப்பும் அப்படி வந்தவர்களுக்காகச் செய்யப்பட்டதன்று.

வழக்கைப் பற்றியும் சொல்ல வேண்டும். அமெரிக்காவின் 1998ஆம் ஆண்டு எண்மப் பதிப்புரிமைச் சட்டம், பயனர் ஏற்றியதற்காகத் தளத்தை உடனே பொறுப்பாக்குவதில்லை. உரிமையாளர் அறிவிப்பு அனுப்பியதும் நீக்கினால் தளத்துக்குப் பாதுகாப்பு உண்டு. மெகாஅப்லோட் இந்தப் பாதுகாப்பை இழந்துவிட்டது என்று அரசு வாதிட்டதற்கு முக்கியக் காரணம் ஒரு சாதாரணச் சர்வர் நுட்பம். ஒரே கோப்பைப் பத்துப் பேர் ஏற்றினால் பத்துப் படிகளையும் வைத்திருப்பது வீண் செலவு. ஆகவே கோப்பின் எம்டி5 எனப்படும் கணிதக் கைரேகையை எடுத்து, அதே ரேகை ஏற்கெனவே இருந்தால் புதிய படியைச் சேமிக்காமல், பழைய படிக்கே இன்னொரு சுட்டியை மட்டும் உருவாக்குவார்கள். இது பல சேமிப்பு நிறுவனங்களும் செய்யும் நேர்மையான சிக்கனம். ஆனால் ஒரு சுட்டியின் மீது புகார் வந்தபோது, அந்தச் சுட்டியை மட்டும் அறுத்துவிட்டு, அடியிலிருந்த கோப்பையும் மற்ற சுட்டிகளையும் அப்படியே விட்டுவைத்தார்கள் என்பது குற்றச்சாட்டு. ஒரே கோப்புக்குச் சட்டப்படி உரிமை பெற்ற ஒருவரும் உரிமையற்ற ஒருவரும் சுட்டி வைத்திருக்கலாம், அதனால் கோப்பையே அழிப்பது முறையன்று என்பது அதற்கு மறுப்பு. பாட்டு ஆசிரியர் ஒருவர் தம் சொந்தப் பதிவை ஏற்றியிருக்க, அதே கோப்பை இன்னொருவர் அனுமதியின்றி ஏற்றினால் என்ன செய்வது என்று எண்ணிப் பார்த்தால் இந்த மறுப்பில் நியாயம் இருப்பது தெரியும். ஆனால் அன்று திரையரங்கில் ஓடிக்கொண்டிருந்த படத்துக்கு அந்த வாதம் செல்லாது என்பதும் தெரியும்.

அமெரிக்காவின் இணையத் திருட்டுத் தடை மசோதாவை எதிர்த்து ஆங்கில விக்கிப்பீடியா 24 மணி நேரம் இருண்டு நின்றது 2012 ஜனவரி 18 அன்று. மறுநாள் மெகாஅப்லோட்டின் முகவரிகளை அமெரிக்க அரசு கைப்பற்றியது. நியூசிலாந்தில் ஆக்லாந்துக்கு அருகே டாட்காம் கைது செய்யப்பட்டார். அவருடைய கூட்டாளிகள் இருவர் குற்றத்தை ஒப்புக்கொண்டு 2023இல் நியூசிலாந்து நீதிமன்றத்தில் சிறைத்தண்டனை பெற்றார்கள். டாட்காமை அமெரிக்காவிடம் ஒப்படைக்கும் ஆணையில் நியூசிலாந்து நீதி அமைச்சர் 2024 ஆகஸ்டில் கையெழுத்திட்டார். என் மனத்தை இன்றும் வருத்துவது இந்தப் பெரிய மனிதர்களின் வழக்கு அன்று. அந்தச் சர்வர்களின் கதிதான். வர்ஜீனியாவில் ஒரு நிறுவனத்திடம் வாடகைக்கு எடுத்திருந்த 1,100க்கு மேற்பட்ட சர்வர்களில் ஏறத்தாழ 25 பெட்டாபைட் தரவு இருந்தது. அவற்றைப் பிடித்து வைத்திருக்க நாளொன்றுக்கு 9,000 டாலர் செலவாகிறது என்று அந்நிறுவனம் நீதிமன்றத்தில் முறையிட்டது. நெதர்லாந்தில் இருந்த 630 சர்வர்களை அங்கிருந்த நிறுவனம் 2013 பிப்ரவரியில் துடைத்து வேறு பயன்பாட்டுக்கு மாற்றிவிட்டது. ஒஹாயோ மாநிலத்தில் பள்ளி விளையாட்டுப் போட்டிகளைப் படம் பிடித்து வாழ்ந்த ஒருவர், தம் சொந்தக் காணொளிகளை அங்கே ஏற்றி வைத்திருந்தார். வீட்டில் இருந்த வன்தட்டும் அதே நாள்களில் பழுதாகிவிட்டது. தம் பொருளைத் திருப்பித் தருமாறு அவர் நீதிமன்றத்தை நாடிப் பல ஆண்டுகள் காத்திருந்தார். குற்றவாளியின் கிடங்கை முத்திரையிடும்போது உள்ளே இருக்கும் மற்றவர் பொருளை என்ன செய்வது என்பதற்கு அந்த வழக்கு விடை தரவில்லை. ஓர் அரசு இதைச் சிந்திக்காமல் செயல்பட்டது பெரும் தவறு என்றே நான் சொல்வேன்.

மற்றத் தளங்களின் முடிவு விரைவாக வந்தது. மெகாஅப்லோட் கைப்பற்றப்பட்ட மூன்றாம் நாள் பைல்சோனிக் பிறருடன் பகிரும் வசதியை அடியோடு நிறுத்தியது. ராபிட்ஷேர் இலவச வேகத்தை விநாடிக்கு 30 கிலோபைட்டாகக் குறைத்து, தன்னை ஒரு தனிப்பட்ட சேமிப்பகமாக மாற்றிக்கொள்ள முயன்று தோற்று, 2015 மார்ச் 31 அன்று மூடியது. ஹாட்பைல் 2013இல் அமெரிக்கப் படநிறுவனங்களிடம் வழக்கில் தோற்று மறைந்தது. ஸிப்பிஷேரை மூடியது எந்த நீதிமன்றமும் அன்று; 2006 முதல் விளம்பரத்தை மட்டுமே நம்பி ஓடிய அந்தத் தளம், விளம்பரத் தடுப்பான்களையும் ஏறிய மின்கட்டணத்தையும் காரணமாகச் சொல்லி 2023 மார்ச்சில் விடைபெற்றது.

தமிழ்நாட்டுக்கும் இதில் ஒரு பங்கு உண்டு. 2012இல் ‘3’ என்ற படத்தின் தயாரிப்பாளர்கள், பெயர் தெரியாத எதிர்தரப்பினர் மீது சென்னை உயர் நீதிமன்றத்தில் பெற்ற தடையாணையைக் காட்டி இணையச் சேவை நிறுவனங்களை அணுகியபோது, அவை காணொளித் தளமான விமியோ, உரை பகிரும் தளமான பேஸ்ட்பின் போன்ற முழுத் தளங்களையே அடைத்துவிட்டன. குறிப்பிட்ட முகவரிகளை மட்டுமே தடுக்க வேண்டும் என்று அதே ஆண்டு ஜூனில் நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. ஒரு சுட்டியை அறுக்க வேண்டிய இடத்தில் தெருவையே அடைப்பது, கெட்டதோடு நல்லதையும் சேர்த்தே அடைப்பதாகும்.

உங்கள் தந்தையார் செய்தது குற்றமா என்ற கேள்விக்கு, ஒரே சொல்லில் விடை சொல்லி உங்களை ஏமாற்ற விரும்பவில்லை. இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தின் 63ஆம் பிரிவு, அறிந்தே உரிமையை மீறுபவருக்கும் அதற்குத் துணைபோகிறவருக்கும் ஆறு மாதம் முதல் மூன்று ஆண்டு வரை சிறை என்று சொல்கிறது. பார்ப்பது மட்டுமே குற்றமாகாது, உரிமையின்றிப் பரப்புவதும் பொதுவில் காட்டுவதும் வாடகைக்கோ விலைக்கோ விடுவதும்தான் குற்றம் என்று மும்பை உயர் நீதிமன்றம் 2016இல் விளக்கியது. ஒலிப்பதிவுக்கான உரிமை வெளியான ஆண்டின் முடிவிலிருந்து 60 ஆண்டுகள் நீடிக்கும்; ஆகவே 1950களில் வெளிவந்த இசைத்தட்டுகள் இன்று அந்த எல்லையைக் கடந்துவிட்டன. வானொலிப் பதிவுகளுக்கும் நேரடிக் கச்சேரிகளுக்கும் நிலைமை வேறு. அவற்றில் வானொலி நிலையத்துக்கும் கலைஞருக்கும் தனித்தனி உரிமைகள் உண்டு. தனக்காகக் கேட்பதற்கும் பொதுவில் மீண்டும் ஏற்றுவதற்கும் இடையிலுள்ள தூரத்தை மனத்தில் வைத்துக்கொண்டால் நீங்கள் தவறான இடத்துக்குப் போக மாட்டீர்கள். கடையில் கிடைக்கும் பதிவைக் காசு கொடுத்து வாங்குங்கள். நாகஸ்வரக் கலைஞர்களின் குடும்பங்கள் பலவும் இந்த இசையால் செல்வம் சேர்த்தவை அல்ல.

இனி, தேட வேண்டிய இடங்கள். இணைய ஆவணகத்தின் பழம்பக்கச் சேமிப்பில் அந்தச் சுட்டிகளை இட்டுப் பார்த்து நேரத்தை வீணாக்க வேண்டாம். காத்திருப்புப் பக்கத்துக்கும் கேப்சாவுக்கும் பின்னால் இருந்த கோப்பை எந்தத் தானியங்கி நிரலும் எடுத்திருக்க முடியாது. ஆனால் அந்தச் சுட்டிகள் முதலில் வெளியான பக்கங்கள் அங்கே இருக்கக்கூடும். கலைஞர், தவில், ஊர், ஆண்டு, ராகங்களின் வரிசை ஆகிய விவரங்கள் அதில் கிடைத்தால், அவற்றை வைத்து அதே கச்சேரியை வேறிடத்தில் அடையாளம் காணலாம். விற்பனைக்கு வராத கச்சேரிப் பதிவுகளை ரசிகர்கள் பகிர்ந்துகொள்ளும் சங்கீதப்ரியா போன்ற தன்னார்வத் தொகுப்புகளில் முதலில் பாருங்கள். அங்கும் இல்லையென்றால் அந்தப் பக்கங்களில் நன்றி தெரிவித்து எழுதியவர்களைத் தேடுங்கள். இறக்கியவர்களிடம்தான் கோப்பு இருக்கிறது. ஏற்றிய இடத்தில் அது ஒருபோதும் தங்குவதாக இருக்கவில்லை.

எல்லாவற்றுக்கும் முன்னால் உங்கள் வீட்டு அலமாரியைத் திறந்து பாருங்கள். அந்த ஆண்டுகளில் 80 ஜிபி, 160 ஜிபி வன்தட்டு நிரம்பிவிடும் என்பதால், இறக்கியதை டிவிடியில் எழுதி வைத்துவிட்டு வன்தட்டிலிருந்து நீக்குவது எல்லோருடைய வழக்கம். சந்தையில் கிடைத்த மலிவான டிவிடிகளின் சாயப்படலம் பதினைந்து ஆண்டுகளில் மங்கத் தொடங்கிவிடும். ஆகவே இந்த வேலையைத் தள்ளிப்போடாதீர்கள். படிக்க மறுக்கும் தட்டை மீண்டும் மீண்டும் இயக்கிப் பார்க்காமல், டிடிரெஸ்க்யூ என்ற இலவச மென்பொருளால் முழுத் தட்டையும் அப்படியே படியெடுத்த ஒரு பிம்பக் கோப்பாக எடுங்கள். அது நல்ல பகுதிகளை முதலில் எடுத்துவிட்டுக் கெட்ட பகுதிகளைப் பிறகு பொறுமையாக முயலும். முடிந்தால் வேறொரு டிவிடி இயக்கியிலும் முயன்று பாருங்கள். ஒன்று படிக்காததை இன்னொன்று படிப்பது உண்டு. ஆர்ஏஆர் தொகுப்பில் ஒரு துண்டு இல்லாவிட்டாலும் மனம் தளர வேண்டாம். விரிக்கும்போது சேதமான கோப்புகளையும் வைத்திருக்கும்படி தெரிவு செய்தால், கிடைத்த துண்டுகளுக்குள் முழுமையாக அடங்கிய பாடல்கள் பெரும்பாலும் பிழையின்றி வந்துவிடும்.

அப்படி விரிக்கும்போது பல தொகுப்புகள் கடவுச்சொல் கேட்கும். சுட்டியைப் பகிர்ந்தவர்கள் தம் பெயரையோ தம் தளத்தின் பெயரையோ கடவுச்சொல்லாக வைப்பது அன்று பரவலான பழக்கம். உங்கள் தந்தையார் ஒவ்வொரு சுட்டியின் அருகிலும் குறித்திருப்பதாக நீங்கள் எழுதிய, பொருள் விளங்காத ஆங்கிலச் சொற்கள் அவையாகவே இருக்க வேண்டும். அதனால் அந்த உரைக்கோப்பை அழித்துவிடாமல் இரண்டு இடங்களில் படியெடுத்து வைத்துக்கொண்டு, டிவிடிகளைத் தேடத் தொடங்குங்கள்.